அனிமேஷனில் படத்தொகுப்பும் ஒலியும்: நம்ம ஊரில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கன்னியாகுமரி மாவட்டம் தக்கலைக்குப் பக்கத்தில் என் வீட்டு மாடி அறையில் இருந்து அனிமேஷன் தொடர்களுக்கும் குறும்படங்களுக்கும் படத்தொகுப்பும் ஒலித்தொகுப்பும் செய்கிறேன். அதற்கு முன்பு திருவனந்தபுரத்திலும் சென்னையிலும் ஸ்டுடியோக்களில் வேலை பார்த்தேன். கல்யாண வீட்டில், கோயில் கொடை விழாவில், பள்ளி ஆண்டு விழாவில், வடசேரி பேருந்து நிலையத்தில் பஸ்ஸுக்கு நிற்கும்போதுகூட, இந்த வேலையைப் பற்றி ஒரே சந்தேகங்கள்தான் திரும்பத் திரும்ப வருகின்றன. அவசரத்தில் அரைகுறையாகப் பதில் சொல்லிவிட்டு, பஸ் ஏறிய பிறகு வருத்தப்பட்டிருக்கிறேன். அதனால் கேட்டவர்கள் கேட்ட மாதிரியே கேள்விகளை எழுதி, நிதானமாகப் பதில் தருகிறேன். முதலில் எளியவை, போகப் போகச் சிக்கலானவை.

கார்ட்டூன்ல வெட்டி ஒட்ட என்ன இருக்கு? தேவையானதை மட்டும்தானே வரைவாங்க?

தேவையானது எது என்று முதலில் யாராவது முடிவு செய்ய வேண்டுமே, அந்த முடிவு எடுக்கப்படும் இடம்தான் எடிட்டிங் அறை. நடிகர்களை வைத்து எடுக்கும் சினிமாவில் நிறையப் படம்பிடித்து வைத்துக்கொண்டு, அதிலிருந்து நல்லதைப் பொறுக்குவார்கள். அனிமேஷனில் அப்படி அள்ளிக் குவிக்க முடியாது. திரையில் அடுத்தடுத்து ஓடும் ஒவ்வொரு ஒற்றைப் படமும் ஒரு ஃபிரேம். வினாடிக்கு 24 ஃபிரேம் என்றால் 90 நிமிடப் படத்துக்கு 1,29,600 ஃபிரேம். வரைந்த ஒரு படத்தை இரண்டு ஃபிரேமுக்கு நிறுத்திச் சிக்கனமாகச் செய்தாலும் வினாடிக்கு 12 படங்கள் வரைய வேண்டும். முடித்த பிறகு ‘இந்தக் காட்சி வேண்டாம்’ என்று சொன்னால் பலருடைய பல வார உழைப்பு குப்பைக்குப் போகும்.

அதனால் இங்கே தொகுப்பு முதலில் வருகிறது, வரைவது பிறகு. வீடு கட்டும்போது அஸ்திவாரத்துக்கு வானம் தோண்டுவதற்கு முன் சுண்ணாம்புப் பொடியால் கோடு போட்டு, ‘இதுதான் அடுக்களை, இதுதான் வாசல்’ என்று உள்ளே நடந்து பார்ப்போம் இல்லையா? அந்தக் கோட்டுக்குள் நடந்து பார்க்கிற வேலைதான் என்னுடையது.

அப்போ முதல் நாள்ல இருந்து கடைசி நாள் வரை என்னதான் செய்வீங்க?

கதைப்பலகை வரைபவர் ஒவ்வொரு ஷாட்டையும், அதாவது ஒரு வெட்டில் இருந்து அடுத்த வெட்டு வரை வரும் துண்டை, பென்சில் கோட்டில் வரைந்து அனுப்புவார். அந்தப் படங்களை வரிசையில் அடுக்கி, தற்காலிகக் குரல், தற்காலிக இசை, நாலைந்து முக்கியமான சத்தங்கள் வைத்து ஓட விடுவேன். இதற்கு அனிமேட்டிக் என்று பெயர், ஸ்டோரி ரீல் என்றும் சொல்வார்கள். இயக்குநர் பார்ப்பார், சிரிப்பு வர வேண்டிய இடத்தில் வராது. படம் மாறும், வசனம் மாறும், மறுபடி அடுக்குவேன். ஒரே காட்சியைப் பத்துப் பதினைந்து தடவை அடுக்கியிருக்கிறேன். உலகின் முதல் முழுநீளக் கணினி அனிமேஷன் படமான ‘டாய் ஸ்டோரி’ 1995இல் வெளிவந்தது. 1993 நவம்பரில் அதன் ரீலைப் போட்டுக் காட்டியபோது பார்த்தவர்களுக்குப் பிடிக்கவே இல்லை. தயாரிப்பை நிறுத்தி, கதையைத் திருத்தி எழுதினார்கள். ரீல் இருந்ததால்தான் அந்தக் குறை நேரத்தோடு தெரிந்தது.

ரீல் சரியானதும் ஒவ்வொரு ஷாட்டும் எத்தனை ஃபிரேம் என்று கணக்கு எழுதி அனிமேட்டர்களுக்குக் கொடுப்பேன். ஷாட் எண்களை 10, 20, 30 என்று இடைவெளி விட்டு வைப்பது வழக்கம், நடுவில் ஒன்று புதிதாக வந்தால் 15 என்று செருகலாம். பிறகு லேஅவுட் (காட்சியின் இட அமைப்பு), பிளாக்கிங் (முக்கிய நிலைகள் மட்டும்), முழு அசைவு, ஒளியமைப்பு என்று ஒவ்வொரு கட்டமாக முடிந்து வரும் ஷாட்டைப் பழைய ஷாட் இருந்த அதே இடத்தில் பொருத்த வேண்டும். பாதி வழியில் டைம்லைனை, அதாவது மென்பொருளில் ஷாட்டுகள் வரிசையாக நிற்கும் பட்டையைப் பார்த்தால் ஒரு ஷாட் பென்சில் கோடாக இருக்கும், அடுத்தது முழு வண்ணத்தில் மினுங்கும், அதற்கடுத்தது சாம்பல் நிறப் பொம்மையாக நகரும். எனக்கு மிகவும் பிடித்த கட்டம் அதுதான். எல்லாம் முடிந்து பிக்சர் லாக் சொன்ன பிறகு, இனி ஒரு ஃபிரேமும் மாறாது என்ற உறுதியோடு, இறுதி ஒலி வேலை தொடங்கும்.

குரல் முதல்லயே பதிவாயிடுமா? டப்பிங் கடைசியில்தானே வரும்?

நாம் தமிழில் பார்க்கிற வெளிநாட்டுத் தொடர்களுக்கு டப்பிங் கடைசியில்தான், ஏனென்றால் அவை வேறு மொழியில் முடிந்து வந்தவை. அசல் மொழியில் உருவாகும்போது பெரும்பாலும் குரல் முந்தி, அசைவு பிந்தி. அனிமேட்டர் அந்தக் குரலைக் கேட்டுத்தான் புருவத்தைத் தூக்குவார், தோளைக் குலுக்குவார். நடிகரின் குரல் கிடைக்கும் வரை ஸ்டுடியோவில் இருக்கிற யாராவது பேசிக் கொடுப்பதுதான் ஸ்க்ராட்ச். கிழவி, குழந்தை, குரங்கு என்று எல்லாருக்கும் நான் பேசியிருக்கிறேன்.

உண்மைக் குரல் வந்ததும் வசனத்தை ஃபிரேம் ஃபிரேமாகப் பிரித்து, எந்த எழுத்து எந்த ஃபிரேமில் விழுகிறது என்று அட்டவணை போட வேண்டும். தமிழில் இது தனி ரசனையான வேலை. ‘ஆமா’ என்ற சொல்லில் உதடு ஒட்டி உடனே பிரியும். ‘அம்மா’வில் உதடு ஒட்டி ஒரு கணம் நிற்கும். அந்த நிற்பை விட்டுவிட்டால் பொம்மை வேறு மொழி பேசுவது போலத் தெரியும். ப, ம வரும் இடத்தில் உதடு குறைந்தது இரண்டு ஃபிரேமாவது மூடியிருக்க வேண்டும், இல்லாவிட்டால் கண்ணுக்குப் பிடிபடாது. ‘ழ’வுக்கு நாக்குதான் உள்ளே மடங்கும், வெளியே ஒன்றும் தெரியாது, அதனால் கவலை இல்லை. வாய் அசைவைச் சத்தத்துக்கு ஓரிரு ஃபிரேம் முன்னால் வைத்தால் கண்ணுக்கு இயல்பாக இருக்கும் என்பதையும் சேர்த்துக் கொள்ளுங்கள்.

சவுண்ட் எடிட்டர், சவுண்ட் டிசைனர், மிக்ஸிங் எல்லாம் ஒரே ஆள்தானா?

பெரிய படத்தில் தனித்தனி ஆட்கள். வசனத்தைச் சுத்தம் செய்பவர், சத்தங்களைப் பொருத்துபவர், புதுச் சத்தத்தைக் கற்பனை செய்து உருவாக்குபவர், காலடி, துணிச் சரசரப்பு போன்றவற்றைத் திரையைப் பார்த்தபடியே செய்யும் ஃபோலி கலைஞர், எல்லாவற்றையும் அளவோடு கலந்து தரும் மிக்ஸிங் பொறியாளர் என்று போகும். சின்ன வேலையில் எல்லாம் ஒரே தலையில் விழும்.

இந்த எல்லைகள் எப்போதும் கறாராக இருந்ததில்லை. வார்னர் பிரதர்ஸின் பழைய கார்ட்டூன்களின் தொடக்க அட்டையில் ட்ரெக் பிரவுன் என்ற பெயர் ‘ஃபிலிம் எடிட்டர்’ என்று வரும். ஆனால் அவர் பேர் வாங்கியது சத்தங்களுக்காக. 1965இல் வந்த ஒரு நடிகர்கள் நடித்த படத்துக்காக ஒலி விளைவுகளுக்கான ஆஸ்கரும் அவருக்குக் கிடைத்தது. படமும் ஒலியும் தெரிந்த ஆளுக்கு அனிமேஷனில் அன்றைக்கும் மதிப்பு, இன்றைக்கும் மதிப்பு.

சத்தமெல்லாம் கம்ப்யூட்டர்ல ரெடியா இருக்குமே, எடுத்துப் போட்டா போதாதா?

நேரடிப் படப்பிடிப்பில் ஒரு ஆளைப் படம்பிடித்தால் அவர் மூச்சு, செருப்பு, தூரத்து நாய், எல்லாம் மைக்கில் வந்து விழும். அனிமேஷனில் எதுவுமே வராது, சுத்த மௌனம். கதவு திறந்தால் கீல் சத்தம் நாம் வைத்தால்தான் உண்டு. நூலகச் சத்தங்கள் இருக்கின்றன, நானும் பயன்படுத்துகிறேன். ஆனால் அவற்றில் பெரும்பகுதி வேறு நாடுகளில் பதிவானவை. ஒரு தமிழ்க் கிராமத்துக் காலைக்கு நூலகத்துப் பறவையைப் போட்டால், கேட்கிற பிள்ளைக்குக் காரணம் சொல்லத் தெரியாது, ஆனால் அது தன் ஊர் இல்லை என்று தெரிந்துவிடும்.

நம்ம மாவட்டத்தில் பிறந்தது இந்த வேலைக்குப் பெரிய வரம் என்று நான் நிஜமாகவே நம்புகிறேன். முட்டத்துப் பாறையில் அலை மோதுவது ஒரு சத்தம், குளச்சல் மணலில் அலை இழுத்துக்கொண்டு போவது இன்னொரு சத்தம். திற்பரப்பில் அருவி, ஆரல்வாய்மொழியில் காற்றாலை இறக்கை சுற்றும் உறுமல், விடியுமுன் ரப்பர் தோட்டத்தில் பால்வெட்டும் கத்தியின் கீறல், தோவாளைப் பூச்சந்தையின் ஏலக் குரல், தென்னை மட்டை விழும் ‘தொப்’. எல்லாம் ஒரு மணி நேர பஸ் பயணத்துக்குள் கிடைக்கும். சிரட்டை இரண்டைக் கவிழ்த்து மணலில் தட்டினால் குதிரைக் குளம்படி, இது உலகம் முழுக்கத் தெரிந்த வித்தை. பனியில் நடக்கிற சத்தத்துக்கு வெளிநாட்டில் சோளமாவைப் பையில் கட்டி அமுக்குவார்கள். நான் மரச்சீனி (மரவள்ளி) மாவைத் துணியில் கட்டி அமுக்கிச் செய்தேன், ‘கறுக் கறுக்’ என்று அச்சாக வந்தது.

தூரமும் ஒரு கணக்கு. ஒலி வினாடிக்கு சுமார் 340 மீட்டர் போகும், அதாவது ஒரு ஃபிரேமுக்குள் 14 மீட்டர். 70 மீட்டர் தள்ளி மோதுகிற அலையின் சத்தம் காதுக்கு வர 5 ஃபிரேம் ஆகும். முட்டத்தில் நின்று வெள்ளை நுரையைப் பார்த்துவிட்டு சத்தத்துக்குக் காத்திருந்து பாருங்கள், அந்தச் சின்ன இடைவெளி மனசில் தங்கிவிடும். திரையில் எல்லா இடத்திலும் இதை அப்படியே செய்வதில்லை, செய்தால் தவறு போலத் தெரியும். ஆனால் ஒரு பெரிய வெளியைக் காட்ட வேண்டிய ஷாட்டில் இரண்டு மூன்று ஃபிரேம் தள்ளி வைத்தால் அந்த வெளி திறந்து கொள்ளும்.

பிளஸ் டூ முடிச்சாச்சு சார். என்ன படிக்கணும், எங்க படிக்கணும்?

சென்னை தரமணியில் இருக்கும் தமிழ்நாடு அரசு எம்.ஜி.ஆர். திரைப்பட மற்றும் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் படத்தொகுப்பு, ஒலிப்பதிவு, அனிமேஷன் மூன்றும் தனித்தனி இளங்கலைப் படிப்புகளாக உண்டு. பட்டம் முடித்த பிறகு என்றால் புனே திரைப்படக் கல்லூரியில் எடிட்டிங்கும் ஒலியும், கொல்கத்தாவின் சத்யஜித் ராய் திரைப்பட நிறுவனத்தில் அவற்றோடு அனிமேஷனும், அகமதாபாத் தேசிய வடிவமைப்பு நிறுவனத்தில் அனிமேஷன் வடிவமைப்பும் படிக்கலாம். நமக்குப் பக்கம் என்று பார்த்தால் கோட்டயத்தில் கே.ஆர். நாராயணன் திரைப்பட நிறுவனம் இருக்கிறது, திருவனந்தபுரத்தில் கேரள அரசின் சி-டிட் என்ற படிமத் தொழில்நுட்ப மையம் இருக்கிறது. நுழைவுத் தேர்வு, வயது, பாடத் தகுதி ஆகியவற்றை அந்தந்த ஆண்டு அறிவிப்பில் பார்த்துக் கொள்ளுங்கள்.

தனியார் அனிமேஷன் மையங்களில் சேருவதாக இருந்தால் ஒன்றே ஒன்று கேளுங்கள்: “கதைப்பலகையில் இருந்து அனிமேட்டிக் அடுக்கச் சொல்லித் தருவீர்களா?” வெறும் மென்பொருள் மெனுக்களைச் சொல்லிக் கொடுக்கிற இடத்துக்கு நிலத்தை அடகு வைத்துப் பணம் கட்டாதீர்கள். இதைப் பெற்றோரிடம் கெஞ்சிக் கேட்டுக் கொள்கிறேன்.

எனக்கு வரையத் தெரியாதே அண்ணே?

எனக்கும் தெரியாது. குச்சி மனிதன் வரைந்து ‘இவன் இங்கே திரும்பிப் பார்க்கட்டும்’ என்று காட்டத் தெரிந்தால் போதும்.

எங்கிட்ட இருக்கது பழைய லேப்டாப். எந்த சாஃப்ட்வேர் கத்துக்கணும்?

ஸ்டுடியோக்களில் படத்துக்கு ஆவிட் மீடியா கம்போசரும் பிரீமியரும், ஒலிக்கு புரோ டூல்ஸும் அதிகம். ஆனால் தொடங்க அது எதுவும் வேண்டாம். டாவின்சி ரிசால்வ் இலவசப் பதிப்பில் படமும் ஒலியும் இரண்டும் செய்யலாம், மெஷின் கொஞ்சம் பலமாக இருக்க வேண்டும், அவ்வளவுதான். பழைய லேப்டாப் என்றால் பிளெண்டருக்குள்ளேயே ஒரு எளிய எடிட்டர் இருக்கிறது. ஒலிக்கு ஆடாசிட்டி போதும். வரைந்து அசைத்துப் பார்க்க ஓப்பன் டூன்ஸ் இருக்கிறது. எல்லாம் இலவசம்.

காசு செலவழிப்பதானால் நல்ல ஹெட்ஃபோனுக்குச் செலவழியுங்கள். எந்த மென்பொருளிலும் வெட்டுவது, நகர்த்துவது, சத்தத்தைக் கூட்டுவது குறைப்பது ஆகியவைதான் அடிப்படை. ஒன்றில் கை பழகினால் இன்னொன்றுக்கு மாற நீண்ட நாள் ஆகாது.

வேலை கேட்டு அனுப்ப ஷோ ரீல் வேணும்கிறாங்க. வேலையே இல்லாம ரீல் எப்படி?

ஷோ ரீல் என்பது உங்கள் வேலையின் மாதிரியைக் காட்டும் சின்ன வீடியோ. பலர் மற்றவர்கள் செய்த படத்தின் நல்ல காட்சிகளைப் பாட்டுக்கு ஏற்ப அடுக்கி அனுப்புகிறார்கள். அதை வைத்து உங்களைப் பற்றி ஒன்றும் தெரிந்துகொள்ள முடியாது. அதற்குப் பதில் இப்படிச் செய்து பாருங்கள். உங்கள் பாட்டி சொல்லும் ஒரு சின்னச் சம்பவத்தை ஃபோனில் பதிவு செய்யுங்கள், ஒரு நிமிடம் போதும். அதற்கு இருபது குச்சிப் படங்கள் வரையுங்கள். அடுக்குங்கள், சுற்றுச் சத்தம் சேருங்கள். பிறகு அதே படங்களையும் அதே குரலையும் வைத்து இன்னொரு விதமாக அடுக்குங்கள், ஒன்று சிரிக்க வைக்க வேண்டும், ஒன்று பயமுறுத்த வேண்டும். இரண்டையும் சேர்த்து அனுப்புங்கள். இப்படி ஒரு ரீல் என் மேசைக்கு வந்தால் அந்தப் பிள்ளையை அன்றைக்கே கூப்பிட்டுப் பேசுவேன்.

மெட்ராஸ் போகணுமா, திருவனந்தபுரமா, இல்ல வீட்ல இருந்தே செய்யலாமா?

தொடக்கத்தில் வீட்டில் இருந்து வேண்டாம். முதல் இரண்டு மூன்று வருடம் ஒரு அறையில் பத்துப் பேரோடு உட்கார்ந்து, இயக்குநர் எந்த இடத்தில் நெளிகிறார் என்று பார்த்துக் கற்க வேண்டும். நாகர்கோவிலில் இருந்து சென்னை சுமார் 700 கிலோமீட்டர். திருவனந்தபுரம் 70 கிலோமீட்டருக்குள். அங்கே கழக்கூட்டத்தில் இருக்கும் டெக்னோபார்க்கில் 1999 முதல் டூன்ஸ் நிறுவனம் அனிமேஷன் செய்து வருகிறது. ரயிலில் போய் வந்தே வேலை பார்த்தவர்கள் நம்ம ஊரில் உண்டு. நானும் சில காலம் அப்படிப் போனேன், திரும்பி வரும் ரயிலில் கண்ணை மூடிக்கொண்டு அன்றைய காட்சியை மனசில் ஓட்டிப் பார்ப்பேன்.

ஆட்கள் நம்பத் தொடங்கிய பிறகு ஊருக்கு வரலாம். இங்கே நமக்கென்று சில தொந்தரவுகள் உண்டு. தென்மேற்கு, வடகிழக்கு என்று இரண்டு மழையும் நமக்குக் கிடைக்கிறது, ஷீட் போட்ட மாடியில் மழைக்காலத்தில் குரல் பதிவு செய்யவே முடியாது. கான்கிரீட் அறை பாருங்கள். ஈரக் காற்றில் கண்டென்ஸர் மைக் பொரிகிற சத்தம் போடும், சிலிக்கா ஜெல் போட்ட டப்பாவில் மூடி வையுங்கள். யூபிஎஸ் கண்டிப்பாக வேண்டும். வேலையின் நகல் ஒன்று வீட்டிலும் ஒன்று வெளியிலும் இருக்கட்டும்.

சம்பளம் எவ்வளவு சார் வரும்? பொண்ணு கேக்க வாறவங்களுக்குச் சொல்லணுமே.

ஸ்டுடியோவில் மாதச் சம்பளம். முதல் வருடங்கள் மெலிவு, நம்ம ஊர்ப் பொறியியல் படித்த பையன் ஐடியில் வாங்குவதோடு ஒப்பிட்டால் மனசு சோரும், அதை மறைக்க விரும்பவில்லை. ஒரு தொடர் முடிந்து அடுத்தது தொடங்கும் வரை வேலை இல்லாத மாதங்களும் வரும். தனியாகச் செய்யும்போது முடிந்த படத்தின் நிமிடக் கணக்கில் பேசுவது வழக்கம்.

பேசும்போது மூன்று விஷயத்தை எழுத்தில் வாங்குங்கள்: எத்தனை தடவை திருத்தம் அதே காசில் அடங்கும், பிக்சர் லாக் என்று எந்த நாளைச் சொல்கிறார்கள், லாக்குக்குப் பிறகு மாற்றினால் தனியாக என்ன. ஒரு முறை வாய்ப்பேச்சை நம்பி ஒரு குறும்படத் தொடரை ஒத்துக்கொண்டேன். லாக் சொன்ன பிறகும் நான்கு தடவை நீளத்தை மாற்றினார்கள், நான்கு தடவையும் ஒலி முழுவதையும் நான் நகர்த்திப் பொருத்தினேன். ஒரு பைசா கூடுதலாக வரவில்லை. அந்த மூன்று மாத உழைப்பை நினைத்தால் இன்னும் வயிறு எரிகிறது.

எங்க பேச்சு மலையாளம் கலந்த பேச்சு. மெட்ராஸ்ல கேலி பண்ணுவாங்கல்லா?

கேலி செய்யலாம். நானும் தண்ணீரை நம்ம வழக்கப்படி வெள்ளம் என்று, ‘வெள்ளம் குடிக்கணும்’ என்று சொல்லிக் கேலி வாங்கியிருக்கிறேன். ஆனால் வேலைக்கு இது பலம். ஒரே அத்தியாயம் தமிழிலும் மலையாளத்திலும் போகும்போது, இரண்டும் காதுக்குப் புரிகிற எடிட்டர் வாக்கியத்தின் பொருள் பார்த்து வெட்டுவார், மற்றவர் திரையில் தெரியும் ஒலியின் அலைவடிவத்தைப் பார்த்துத்தான் வெட்ட முடியும். வசனம் தவிர்த்த இசையையும் சத்தங்களையும் தனித் தடமாகக் கொடுப்பது வழக்கம், அதன் மேல் எந்த மொழிக் குரலையும் ஏற்றலாம். அந்த ஏற்றும் வேலையில் நம்ம ஊர்ப் பிள்ளைகள் நன்றாகச் செய்கிறார்கள்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அனிமேஷன் தமிழ் பெரும்பாலும் எந்த ஊருக்கும் சொந்தமில்லாத தமிழாக இருக்கிறது. ஒரு கிழவிக்கு ஸ்க்ராட்ச் பேசும்போது ‘பைய வா மக்களே’ (மெல்ல வா பிள்ளே) என்று என் வாயில் தானாக வந்தது. இயக்குநர் அதையே வைக்கச் சொன்னார். பிறகு வந்த நடிகைக்கு அந்தப் ‘பைய’ எப்படி இழுபட வேண்டும் என்று நான்தான் சொல்லிக் கொடுத்தேன். உங்கள் பேச்சைத் திருத்திக் கொள்ளாதீர்கள்.

பொம்பளப் பிள்ளைக்கு இது ஒத்து வருமா? ராத்திரி வேலை எல்லாம் சொல்றாங்க.

ஒத்து வரும். படத்தொகுப்புக்கு நான்கு முறை தேசிய விருது வாங்கிய ரேணு சலூஜா புனே கல்லூரியில் படித்துவிட்டு வந்தவர். ராத்திரி வேலை ஒப்படைப்புக் காலத்தில் உண்டு என்பது உண்மை. சேரும் முன்பு, இரவு வண்டி ஏற்பாடு இருக்கிறதா என்று பெற்றோர் நேரடியாகக் கேட்பதில் தப்பே இல்லை. ஆண் பிள்ளைக்கும் சேர்த்துக் கேளுங்கள்.

எனக்கு ஒரு காது சரியா கேக்காது. இந்த ஆசையை விட்டுரணுமா?

விட வேண்டாம். இரண்டாவது கேள்விக்குச் சொன்ன அனிமேட்டிக் வேலை, ஷாட் கணக்கு, வசனத்தைப் பிரித்து அட்டவணை போடுவது, எல்லாம் ஒரு காதால் செய்யலாம். இடது வலது என்று சத்தத்தைப் பரப்பும் இறுதி மிக்ஸிங் மட்டும் கஷ்டம். அதிலும் இரு பக்க அளவையும் கண்ணுக்குக் காட்டும் மீட்டர்கள் இருக்கின்றன, கடைசி முடிவுக்கு இன்னொருவர் காதைத் துணைக்கு வைத்துக் கொள்ளலாம்.

நன்றாகக் கேட்கும் காது உள்ளவர்களுக்கும் இதில் ஒரு வார்த்தை: கொடையில் செண்டை மேளத்துக்குப் பக்கத்தில் நிற்கும்போதும் வெடிக்கட்டுக்கு நிற்கும்போதும் காதில் அடைப்பான் வையுங்கள். போன கேட்கும் திறன் திரும்பி வராது.

24, 25னு ரெண்டு கணக்கு சொல்றாங்க. ஒரு ஃபிரேம் கூடினா என்ன ஆயிரும்?

நிறைய ஆகும். சினிமாவுக்கு 24, நம் நாட்டுத் தொலைக்காட்சிக்கு 25. 11 நிமிட அத்தியாயம் 24 கணக்கில் 15,840 ஃபிரேம். அதை யாராவது 25 வேகத்தில் ஓட விட்டால் 10 நிமிடம் 33 வினாடியில் முடிந்துவிடும், 26 வினாடி காணாமல் போகும். ஒலி பழைய நீளத்திலேயே இருந்தால் ஒவ்வொரு நிமிடமும் உதடும் குரலும் விலகிக்கொண்டே போகும். ஒலியையும் சேர்த்து வேகமாக்கினால் எல்லார் குரலும் கொஞ்சம் கீச்சாகும்.

இது எனக்கே நடந்தது. வேலைக்குச் சேர்ந்த புதிதில் புராஜெக்ட் அமைப்பைச் சரிபார்க்காமல் 25இல் திறந்து, ஒரு வாரம் வேலை செய்து, அந்தக் கணக்கில் அனிமேட்டர்களுக்கு ஷாட் நீளம் எழுதிக் கொடுத்துவிட்டேன். ஆறு பேர் தவறான நீளத்துக்கு அசைவு செய்தார்கள். அவர்கள் முகத்தை மறுநாள் பார்த்தது எனக்கு மறக்காது. அன்று முதல் எந்தப் புராஜெக்டிலும் முதல் வேலையாக, படம் தொடங்குவதற்குச் சரியாக 2 வினாடிக்கு முன்பு ஒரு ஃபிரேம் நீளத்துக்கு ‘பிப்’ ஒலி வைக்கிறேன், முடிவிலும் ஒன்று. இரண்டு பிப்பும் படத்தோடு சேர்ந்து விழுந்தால் நடுவில் வேகம் மாறவில்லை என்று நம்பலாம்.

தற்காலிக இசைன்னு சொன்னீங்க. டைரக்டருக்கு அதுவே பிடிச்சுப் போச்சுன்னா?

இது அடிக்கடி நடக்கும், இதில் எடிட்டருக்குப் பெரிய பொறுப்பு உண்டு. மாதக்கணக்கில் ஒரே இசையைக் கேட்டுக் கேட்டு இயக்குநரின் காது அதில் ஊறிவிடும். பிறகு இசையமைப்பாளர் எதைக் கொண்டு வந்தாலும் ‘அது மாதிரி இல்லையே’ என்பார். பாவம், அந்த இசையமைப்பாளரை இன்னொருவர் பாட்டை நகல் எடுக்கச் சொல்வது போல ஆகிவிடும்.

நான் செய்வது இதுதான். பிரபலமான இசையை வைப்பதே இல்லை. வாரத்துக்கு ஒரு தடவை தற்காலிக இசையை மாற்றி வைப்பேன். சில காட்சிகளை இசையே இல்லாமல், காற்றும் காலடியும் மட்டும் வைத்துக் காட்டுவேன். இசை இல்லாமலே நிற்கிற காட்சி என்றால் வெட்டு சரியாக இருக்கிறது என்று அர்த்தம். தள்ளாடினால், இசையைப் போட்டு மூடாமல் வெட்டைத் திருத்த வேண்டும்.

முழுசா முடிஞ்ச ஷாட்டைத் தூக்கணும்னா அனிமேட்டர்ட்ட யார் சொல்றது?

முறைப்படி இயக்குநர். ஆனால் நான் தூக்கச் சொல்லியிருந்தால் நானும் போவேன். ஒரு சிறுவன் மரம் ஏறும் ஷாட், ஐந்து வினாடி, ஒருவர் மூன்று வாரம் செய்தது, அத்தனை அழகு. கதையில் அந்த இடத்தில் ஏறுவதைப் பார்க்கவே தேவையில்லை, மேலே உட்கார்ந்திருப்பதைக் காட்டினால் போதும் என்று ரீல் ஓடும்போது தெரிந்தது. அவரைப் பக்கத்தில் உட்கார வைத்து இரண்டு விதமாகவும் ஓட்டிக் காட்டினேன். அவரே “தூக்கிரலாம்” என்று சொல்லிவிட்டு வெளியே போய் நீண்ட நேரம் நின்றார். முதல் கேள்விக்குச் சொன்ன பதில் ஏன் அவ்வளவு முக்கியம் என்று அப்போது புரிந்தது. அனிமேட்டிக்கிலேயே அதை நான் கண்டுபிடித்திருக்க வேண்டும்.

ஏஐ வந்தாச்சே, இனி இந்த வேலை இருக்குமா?

சில வேலைகள் போகும். வசனத்தில் இரைச்சல் நீக்குவது, உதடு அசைவுக்கு அட்டவணை போடுவது, பேச்சை எழுத்தாக்குவது ஆகியவற்றை இப்போதே கருவிகள் செய்கின்றன, நானும் பயன்படுத்துகிறேன். உதவியாளர்கள் இவற்றைச் செய்துதான் தொழில் கற்றார்கள், அந்தப் படிக்கட்டு குறைவது எனக்குக் கவலையாகத்தான் இருக்கிறது. அதனால்தான் புதிதாக வருகிறவர்களிடம் மென்பொருளை மட்டும் நம்பாமல் மேலே ஷோ ரீல் பற்றிச் சொன்ன பயிற்சியைத் திரும்பத் திரும்பச் செய்யச் சொல்கிறேன். ஒரு மௌனம் எவ்வளவு நேரம் நீள வேண்டும் என்று முடிவெடுக்க ஆள் வேண்டும்.

எடிட்டரா இருந்தா எடிட்டராவே இருக்கணுமா? டைரக்டர் ஆக முடியாதா?

ஆகலாம். ‘டாய் ஸ்டோரி’யின் எடிட்டர்களில் ஒருவரான லீ அன்கிரிச், 2010இல் அதே வரிசையின் மூன்றாம் படத்தை இயக்கினார், 2017இல் ‘கோகோ’வை இயக்கினார். படம் பிறப்பதற்கு முன்பே இயக்குநர் பக்கத்தில் உட்கார்ந்திருப்பவர் எடிட்டர் என்பதால் இந்தப் பாதை அனிமேஷனில் இயல்பானது. எனக்கு அந்த ஆசை இல்லை.

மக்களே, இதுல நீ செய்தது எது?

இது என் அம்மா கேட்டது. ஒரு தொடர் டிவியில் ஓடிக்கொண்டிருந்தது. வரைந்தது நான் இல்லை, பேசியது நான் இல்லை, பாட்டும் நான் இல்லை என்று சொல்லச் சொல்ல அம்மாவுக்கு முகம் வாடிவிட்டது. மாடிக்குக் கூட்டிப்போய் ஒரு காட்சியைப் போட்டுக் காட்டினேன். கடலுக்குப் போன அப்பா இன்னும் வரவில்லை என்று ஒருவர் வாசலில் வந்து சொல்கிறார், சிறுமி “சரி” என்கிறாள். முதல் வடிவத்தில் அவள் 8 ஃபிரேமில் பதில் சொல்வாள். நான் அதை 40 ஃபிரேம் ஆக்கி, அந்த இடைவெளியில் பின்னால் இருந்த அலைச் சத்தத்தை மெல்லக் குறைத்திருந்தேன்.

இரண்டையும் ஓட்டினேன். அம்மா இரண்டாவதை மறுபடி போடச் சொன்னார். பார்த்துவிட்டு, “இதுலதான் பிள்ளைக்கு விஷயம் உள்ள போகுது” என்றார்.